கியூஜிஐஎஸ் நிறுவலும் முதல் அமைப்பும்: ஏரி, கண்மாய் அளக்க உங்கள் கணினியைத் தயார் செய்ய முழுமையான வழிகாட்டி

ஊர் ஏரியின் பரப்பு எவ்வளவு, வரத்துக் கால்வாய் எந்த இடத்தில் அடைபட்டிருக்கிறது, ஆயக்கட்டில் எத்தனை ஏக்கர் இன்னும் நஞ்சையாக இருக்கிறது என்பதையெல்லாம் வரைபடத்தில் கணக்கிட இன்று காசு கொடுத்து மென்பொருள் வாங்க வேண்டியதில்லை. கேரி ஷெர்மன் 2002இல் தொடங்கிய கியூஜிஐஎஸ், அரசுத் துறைகள் முதல் கல்லூரி மாணவர்கள் வரை பயன்படுத்தும் முழுமையான வரைபட மென்பொருளாக வளர்ந்திருக்கிறது. கட்டணம் இல்லை, உரிமச் சாவி இல்லை, எத்தனை கணினியில் வேண்டுமானாலும் போட்டுக்கொள்ளலாம்.

நிறுவுவது எளிது. நிறுவிய கையோடு வேலையைத் தொடங்கிவிடுவதில்தான் பலர் சறுக்குகிறார்கள். முதல் லேயரை, அதாவது வரைபட அடுக்கை, திறக்கும் முன் சில அமைப்புகளைச் சரிசெய்யாவிட்டால், சென்னைப் பக்கத்தில் 100 ஏக்கர் ஏரி 106 ஏக்கராகக் கணக்கில் வரக்கூடும். மென்பொருள் ஓர் எச்சரிக்கையும் காட்டாது. ஆகவே இந்த வழிகாட்டியில் நிறுவலைவிட, நிறுவிய பின் செய்ய வேண்டியதற்கே அதிக இடம் கொடுத்திருக்கிறோம்.

கணினி எப்படி இருக்க வேண்டும்

8 ஜிபி ரேம் இருந்தால் ஒரு வட்டத்தின் ஏரிகளை வரைந்து அளக்கலாம். செயற்கைக்கோள் படங்களை வைத்துக் கணக்குப் போடுவதானால் 16 ஜிபி வேண்டும். விலை உயர்ந்த கிராஃபிக்ஸ் கார்டு தேவையில்லை. அந்தப் பணத்தை எஸ்எஸ்டி டிரைவுக்குக் கொடுங்கள், வேகம் கண்ணுக்குத் தெரியும். சி டிரைவில் குறைந்தது 10 ஜிபி காலியாக இருக்கட்டும். மென்பொருள் எடுக்கும் இடம் போக, அது வேலை செய்யும்போது உருவாக்கும் தற்காலிகக் கோப்புகளும் அங்கேதான் போய் உட்காரும். உருளும் சக்கரம் உள்ள மவுஸ் அவசியம். லேப்டாப்பின் தொடுதளத்தில் கரை வரைவது கையை ஒடித்துவிடும்.

விண்டோஸ் 64 பிட்டாக இருக்க வேண்டும். 3.20 பதிப்பிலிருந்து 32 பிட் விண்டோஸுக்கு நிறுவி வெளியிடப்படுவதில்லை. 'செட்டிங்ஸ் > சிஸ்டம் > அபௌட்' பக்கத்தில் உங்களுடையது எது என்று தெரியும்.

எந்தப் பதிப்பு

நான்கு மாதத்துக்கு ஒரு முறை புதிய பதிப்பு வரும். ஆண்டுக்கு ஒன்று மட்டும் நீண்டகால ஆதரவுப் பதிப்பு. தரவிறக்கப் பக்கத்தில் 'லாங் டேர்ம்' என்று குறித்திருப்பார்கள். 3.28, 3.34, 3.40 ஆகியவை அந்த வரிசையில் வந்தவை. புதிய வசதிகளை உடனே பார்த்தே ஆக வேண்டும் என்ற கட்டாயம் இல்லாதவர்கள் எல்லோரும் நீண்டகாலப் பதிப்பையே போடுங்கள். அதில் மாதந்தோறும் பிழைகள் மட்டும் திருத்தப்படும். மெனுக்கள் இடம் மாறாது, ப்ளகின்கள் (கூடுதல் வசதி தரும் துணை நிரல்கள்) திடீரென்று நின்றுபோகாது. மூன்று பேர் சேர்ந்து ஒரே ப்ராஜெக்டில் வேலை செய்தால் மூவரிடமும் ஒரே பதிப்பு இருக்கட்டும்.

பதிப்பு எண்ணில் புள்ளிக்குப் பின் ஒற்றைப்படை எண் வந்தால் அது உருவாக்கத்தில் இருக்கும் சோதனைப் பதிப்பு. அதைத் தொட வேண்டாம்.

விண்டோஸில் நிறுவுதல்

1. கியூஜிஐஎஸ் டாட் ஆர்க் என்ற தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். தேடல் முடிவுகளின் மேலே வரும் விளம்பர இணைப்புகளைத் தவிருங்கள். நன்கொடை கேட்கும் பக்கம் வரும். இப்போது கொடுக்க இயலாவிட்டால் கடந்து போகலாம்.

2. எம்எஸ்ஐ வகை நிறுவி ஒரு ஜிபியைத் தாண்டும். இணைப்பு நடுவில் அறுந்து அரைகுறையாக இறங்கிய கோப்பைச் சொடுக்கினால், 'இந்த நிறுவல் தொகுப்பைத் திறக்க முடியவில்லை' என்ற பொருளில் ஒரு செய்தி வரும். கணினியில் கோளாறு இல்லை. கோப்பை அழித்துவிட்டு மறுபடி இறக்குங்கள்.

3. சொடுக்கியதும் விண்டோஸ் ஒரு நீலப் பெட்டியைக் காட்டித் தடுக்கலாம். 'மோர் இன்ஃபோ' என்பதை அழுத்தினால் 'ரன் எனிவே' தெரியும். அதிகாரபூர்வத் தளத்திலிருந்து இறக்கியதுதான் என்று உறுதியாகத் தெரிந்தால் மட்டும் தொடருங்கள்.

4. உரிமத்தை ஏற்றுக்கொண்டு, அது காட்டும் இடத்திலேயே நிறுவுங்கள். ஒவ்வொரு பதிப்பும் தனிக் கோப்புறையில் போவதால், பழைய பதிப்பும் புதியதும் ஒரே கணினியில் சண்டையில்லாமல் இருக்கும்.

5. பச்சைப் பட்டை பாதியில் நின்றுவிட்டது போலத் தெரியும். ஆயிரக்கணக்கான சிறு கோப்புகளை எழுதுகிறது, ஆன்டிவைரஸ் அவற்றை ஒவ்வொன்றாகச் சோதிக்கிறது. தாமதத்துக்குக் காரணம் அதுதான். பொறுமை இழந்து டாஸ்க் மேனேஜரில் நிறுத்தினால் அரைகுறை நிறுவல் மிஞ்சும். பிறகு அதை நீக்குவதே தனி வேலையாகிவிடும்.

முடிந்ததும் டெஸ்க்டாப்பில் ஒரு கோப்புறை வரும், அதற்குள் பல ஐகான்கள் இருக்கும். உங்களுக்கு வேண்டியது 'கியூஜிஐஎஸ் டெஸ்க்டாப்'. 'வித் கிராஸ்' என்று முடிவது கிராஸ் என்ற இன்னொரு மென்பொருளின் கருவிகளையும் சேர்த்துத் திறப்பது. நீர்பிடிப்புப் பகுதி கணக்கிடும் நாளில் உதவும். 'ஷெல்' என்பது கட்டளை எழுதுபவர்களுக்கு. முதல் முறை திறக்க அதிக நேரம் எடுக்கும், அடுத்த முறையிலிருந்து சரியாகிவிடும்.

கல்லூரி ஆய்வகம் போன்ற இடங்களில் நிர்வாகி கடவுச்சொல் கிடைக்காது. அங்கே 'ஓஎஸ்ஜியோ4டபிள்யூ' என்ற இணைய நிறுவியைப் பயன்படுத்தலாம். அது உங்கள் பயனர் கணக்குக்கு மட்டும் நிறுவிக்கொள்ள இடம் கொடுக்கும். 'எக்ஸ்பிரஸ்' வழியைத் தேர்ந்து, பட்டியலில் 'எல்டிஆர்' (நீண்டகாலப் பதிப்பு) என்று குறித்ததை மட்டும் டிக் செய்யுங்கள். இதில் இன்னொரு நன்மை உண்டு: எம்எஸ்ஐ வழியில் ஒவ்வொரு புதுப்பிப்புக்கும் ஒரு ஜிபிக்கு மேல் இறக்க வேண்டும், இதில் மாறிய பகுதிகள் மட்டும் இறங்கும். மொபைல் ஹாட்ஸ்பாட்டை நம்பி வேலை செய்பவர்களுக்கு இதுவே சிறந்த வழி.

உபுண்டுவில் மென்பொருள் மையத்தில் கிடைக்கும் பதிப்பு பெரும்பாலும் பழையது. கியூஜிஐஎஸ் தளத்தில் உள்ள களஞ்சியத்தைச் சேர்த்து நிறுவுவதே முறை. பழைய மேக்ஓஎஸ் பதிப்புகளில் முதல் தடவை மட்டும் ஐகானை வலச்சொடுக்கு செய்து 'ஓப்பன்' கொடுக்க வேண்டியிருக்கும்.

திறந்ததும் 'ப்ராஜ் டிபி இல்லை' என்று சொன்னால்

ஆயத்தொலைவு முறைகளின் பட்டியல் 'ப்ராஜ் டாட் டிபி' என்ற கோப்பில் இருக்கிறது. ஏற்கெனவே போஸ்ட்ஜிஐஎஸ் போன்ற மென்பொருள் நிறுவிய கணினிகளில், அது தன்னுடைய ப்ராஜ் கோப்புறையை விண்டோஸின் சூழல் மாறியாகப் பதிந்து வைத்திருக்கும். கியூஜிஐஎஸ் தன் கோப்பை விட்டுவிட்டு அங்கே போய்த் தேடும், அது வேறு பதிப்பாக இருந்தால் படிக்க முடியாது. அறிகுறி: எந்த முறையைத் தேர்ந்தாலும் ஏற்காது, அல்லது பட்டியலே வெறுமையாக இருக்கும்.

விண்டோஸ் தேடலில் 'என்விரான்மென்ட் வேரியபிள்ஸ்' என்று தட்டித் திறந்து, 'ப்ராஜ்_லிப்' என்ற பெயரில் உள்ளதைப் பாருங்கள். அதன் மதிப்பைக் குறித்து வைத்துக்கொண்டு நீக்கிவிட்டு, கியூஜிஐஎஸ்ஸை மூடித் திறங்கள். நீக்கினால் மற்ற மென்பொருளுக்குச் சிக்கல் வருமென்றால், கியூஜிஐஎஸ்ஸின் 'செட்டிங்ஸ் > ஆப்ஷன்ஸ் > சிஸ்டம்' பக்கத்தில் 'என்விரான்மென்ட்' பகுதியில் அதே பெயரைக் கொடுத்து, கியூஜிஐஎஸ் கோப்புறைக்குள் இருக்கும் ப்ராஜ் கோப்புறையின் பாதையை எழுதி 'ஓவர்ரைட்' என்று வையுங்கள்.

கோப்புறை

எதையும் திறக்கும் முன் டி டிரைவில் ஒரு கோப்புறை உருவாக்குங்கள். பெயர் ஆங்கிலச் சிற்றெழுத்தில், இடைவெளி இல்லாமல், சிறியதாக இருக்கட்டும். தமிழில் பெயர் வைக்க ஆசை வரும். கியூஜிஐஎஸ் அதைத் திறக்கவும் செய்யும். ஆனால் அது பின்னணியில் அழைக்கும் சில கருவிகள் தமிழ்ப் பெயரிலோ இடைவெளியிலோ இடறி, காரணம் புரியாத பிழைகளைத் தரும். விண்டோஸ் பயனர் பெயரையே தமிழில் வைத்திருப்பவர்கள் டாகுமென்ட்ஸ், டெஸ்க்டாப் ஆகிய இடங்களில் வரைபடக் கோப்புகளை வைக்காதீர்கள். அந்தப் பாதையில் பயனர் பெயரும் சேர்ந்து வரும்.

உள்ளே மூன்று துணைக் கோப்புறைகள் போதும்: வெளியிலிருந்து வந்த மூலத் தரவு, நீங்கள் உருவாக்குவது, அச்சுக்குப் போவது. மூலத் தரவை ஒருபோதும் திருத்தாதீர்கள்.

சிஆர்எஸ்: வேலையின் உயிர்நாடி

பூமி உருண்டை, திரை தட்டை. உருண்டையில் உள்ள இடத்தைத் தட்டையில் எந்த விதிப்படி வைப்பது என்பதே சிஆர்எஸ் எனப்படும் ஆயத்தொலைவு முறை. ஒவ்வொரு முறைக்கும் இபிஎஸ்ஜி எண் உண்டு. நமக்குத் தேவையானவை கைவிரலில் அடங்கும்.

4326 என்பது அட்சரேகை தீர்க்கரேகையை டிகிரியில் தருவது. ஜிபிஎஸ், கைபேசி எல்லாம் தருவது இதைத்தான். டிகிரியில் பரப்பை நேரடியாகக் கணக்கிட முடியாது. 3857 என்பது இணைய வரைபடங்கள் பயன்படுத்துவது. பார்க்க நன்றாக இருக்கும். ஆனால் நிலநடுக்கோட்டிலிருந்து விலக விலக அளவை ஊதிக் காட்டும். 8 டிகிரி அட்சத்தில் பரப்பு சுமார் 2.6 சதவீதம் கூடும், 11 டிகிரியில் 4.4 சதவீதம், சென்னை இருக்கும் 13 டிகிரியில் 6 சதவீதம். அளவிடும் வேலைக்கு ஏற்றது, உலகை 6 டிகிரி அகல மண்டலங்களாகப் பிரிக்கும் யூடிஎம் முறை. அதில் மீட்டரில் அளக்கலாம். மண்டலத்தின் ஓரத்தில்கூடப் பரப்பில் வரும் பிழை ஆயிரத்தில் இரண்டு பங்குக்குள் நிற்கும்.

தமிழ்நாட்டுக்காரர்கள் இங்கே கவனமாக இருக்க வேண்டும். யூடிஎம் மண்டலங்களைப் பிரிக்கும் 78 டிகிரி கிழக்குத் தீர்க்கரேகை மாநிலத்தின் நடுவே ஓடுகிறது. அதற்கு மேற்கே 43 வடக்கு மண்டலம், எண் 32643. கிழக்கே 44 வடக்கு மண்டலம், எண் 32644. கோயம்புத்தூர், ஈரோடு, திருநெல்வேலி, நாகர்கோவில், ஓசூர் எல்லாம் 43இல் வரும். சென்னை, திருச்சி, தஞ்சாவூர், சேலம், மதுரை, தூத்துக்குடி 44இல் வரும். திண்டுக்கல் நகரம் கோட்டுக்குச் சற்று மேற்கே, கரூர் சற்றுக் கிழக்கே. மாவட்டம் இரண்டு பக்கமும் விரிந்திருந்தால் பெரும்பகுதி எதில் விழுகிறதோ அதையே முழு மாவட்டத்துக்கும் வைத்துக்கொள்ளுங்கள். கோட்டைச் சிறிது தாண்டினால் குடி முழுகிவிடாது. ஒரே வேலையில் இரண்டையும் கலப்பதுதான் கெடுதல்.

இலங்கை முழுவதும் 44 வடக்கு மண்டலத்திலேயே அடங்கும். அங்கே அரசு நில அளவைத் தரவோடு சேர்த்து வேலை செய்பவர்கள் எஸ்எல்டி99 தேசியக் கட்டத்தை, அதாவது 5235ஐ, எடுத்துக்கொள்ளலாம். பழைய தாள்கள் கந்தவளை என்ற பழைய அளவை அடிப்படையில் இருக்கும், அதற்கு 5234.

இந்திய சர்வே துறையின் பழைய ஒரு அங்குலத் தாள்களும் அவற்றுக்குப் பின் வந்த 1:50,000 தாள்களும் எவரெஸ்ட் நீள்வட்டம் என்ற, பூமியின் வடிவத்துக்கான பழைய கணக்கின் மேல் வரையப்பட்டவை. அவற்றின் ஓரத்தில் உள்ள டிகிரி எண்களை அப்படியே 4326 என்று கொடுத்து ஒட்டினால் ஏரி நூறு மீட்டருக்கு மேல் நகர்ந்து நிற்கும். அத்தாள்களுக்கு அந்தப் பழைய கணக்கில் அமைந்த கல்யாண்பூர் முறையைத் தேர்ந்து ஒட்டிய பிறகு யூடிஎம்முக்கு மாற்ற வேண்டும். 2005 தேசிய வரைபடக் கொள்கைக்குப் பின் பொதுப் பயன்பாட்டுக்காக வந்த தாள்கள் டபிள்யூஜிஎஸ் 84 (ஜிபிஎஸ் பயன்படுத்தும் அடிப்படை) அடிப்படையில் யூடிஎம்மிலேயே இருப்பதால் இந்தத் தொல்லை இல்லை.

இனி அமைப்பு:

1. 'செட்டிங்ஸ் > ஆப்ஷன்ஸ்' திறந்து சிஆர்எஸ் பகுதிக்குப் போங்கள். ப்ராஜெக்ட்டுக்கு 'முதல் லேயரின் முறையைப் பயன்படுத்து' என்பது இயல்பாகத் தேர்வாகியிருக்கும். ஓப்பன் ஸ்ட்ரீட் மேப்பை முதலில் போட்டால் ப்ராஜெக்ட் சத்தமில்லாமல் 3857க்கு மாறுவது இதனால்தான். அதை விட்டு 'டிஃபால்ட் சிஆர்எஸ்' என்பதைத் தேர்ந்து 32643 அல்லது 32644 கொடுங்கள்.

2. அதே பக்கத்தில் லேயர்களுக்கு 'ப்ராம்ப்ட் ஃபார் சிஆர்எஸ்' என்று வையுங்கள். முறை எழுதப்படாத கோப்பு வந்தால் மென்பொருள் தானாக ஊகிக்காமல் உங்களைக் கேட்கும்.

3. புதிய ப்ராஜெக்ட் ஒன்றைத் திறந்து, 'ப்ராஜெக்ட் > ப்ராப்பர்ட்டீஸ் > ஜெனரல்' பக்கத்தில் எலிப்சாய்டு (பூமியின் நீள்வட்ட வடிவம்) டபிள்யூஜிஎஸ் 84 என்றும், தூரம் மீட்டர் என்றும், பரப்பு ஹெக்டேர் அல்லது ஏக்கர் என்றும் வையுங்கள். கோப்புப் பாதைகள் 'ரிலேட்டிவ்' என்றே இருக்கட்டும். கோப்புறையை அப்படியே பென் டிரைவில் கொண்டுபோனாலும் ப்ராஜெக்ட் திறக்கும்.

4. மறுபடி 'ஆப்ஷன்ஸ் > ஜெனரல்' பக்கத்துக்கு வந்து 'செட் கரன்ட் ப்ராஜெக்ட் ஆஸ் டிஃபால்ட்' அழுத்தி, 'டிஃபால்ட் ப்ராஜெக்டிலிருந்து புதியதை உருவாக்கு' என்பதை டிக் செய்யுங்கள். இனித் திறக்கும் ஒவ்வொரு புதிய ப்ராஜெக்டும் உங்கள் ஊருக்குச் சரியான அமைப்போடு பிறக்கும். பயிற்சி வகுப்புகளில் இந்தப் பொத்தானைச் சொல்லிக்கொடுப்பது மிகக் குறைவு. இந்த வழிகாட்டியில் ஒன்றை மட்டும் செய்வதானால் இதைச் செய்யுங்கள்.

லேயரை வலச்சொடுக்கு செய்தால் 'செட் லேயர் சிஆர்எஸ்' என்று ஒன்று வரும். அது எண்களை மாற்றாது, மேலே ஒட்டியிருக்கும் சீட்டை மட்டும் மாற்றும். கோப்பில் முறை எழுதப்படாமலோ தவறாக எழுதப்பட்டோ இருந்தால் மட்டுமே அதைத் தொட வேண்டும். ஒரு முறையிலிருந்து இன்னொன்றுக்கு உண்மையாகவே மாற்ற, 'எக்ஸ்போர்ட் > சேவ் ஃபீச்சர்ஸ் ஆஸ்' போய்ப் புதிய எண்ணைக் கொடுத்து வேறு கோப்பாகச் சேமிக்க வேண்டும். இரண்டையும் குழப்பிக்கொள்வதால் கெட்டுப்போகும் தரவுக்கு அளவே இல்லை.

லேயர் இடம் மாறிப் போய்விட்டால், அது போய் விழுந்த இடமே காரணத்தைச் சொல்லும். லேயரை வலச்சொடுக்கு செய்து 'ஜூம் டு லேயர்' கொடுத்துப் பாருங்கள். ஸ்வால்பார்டு தீவுகள் பக்கம் ஆர்க்டிக்கில் இருந்தால் அட்சமும் தீர்க்கமும் இடம் மாறியிருக்கின்றன. கோவை ஏரி வங்காள விரிகுடா நடுவே மிதந்தால் 43இன் எண்களுக்கு 44 என்ற சீட்டு ஒட்டியிருக்கிறது. ஆப்பிரிக்காவின் மேற்கே பூஜ்யப் புள்ளியில் இருந்தால் டிகிரி எண்களுக்கு 3857 கொடுத்திருக்கிறீர்கள். எங்குமே தெரியாமல் வெறும் வெள்ளையாக இருந்தால் மீட்டர் எண்களுக்கு 4326 கொடுத்திருக்கலாம். பின் மூன்றுக்கும் மருந்து 'செட் லேயர் சிஆர்எஸ்'ஸில் சரியான சீட்டை ஒட்டுவது; அட்சம் தீர்க்கம் மாறியதற்கு மட்டும் கோப்பை மறுபடி உள்ளே கொண்டுவரும்போது எக்ஸ், ஒய் நெடுவரிசைகளை மாற்றிக் கொடுக்க வேண்டும். எக்ஸ் என்பது தீர்க்கரேகை, தமிழ்நாட்டில் 76 முதல் 80 வரை வரும். ஒய் என்பது அட்சரேகை, 8 முதல் 13 வரை.

அமைப்பு சரியா என்று சோதிக்க ஒரு சதுரம்

நம்பிக்கையை எண்ணால் உறுதிப்படுத்திக்கொள்ளுங்கள். 'ப்ராசஸிங் > டூல்பாக்ஸ்' திறந்து 'கிரியேட் கிரிட்' என்று தேடுங்கள். வகை 'ரெக்டாங்கிள்', உங்கள் ஊரை அடக்கும் சிறு பரப்பு, இரு திசையிலும் இடைவெளி 100 மீட்டர், சிஆர்எஸ் உங்கள் யூடிஎம் எண். வரும் ஒவ்வொரு கட்டமும் 100 மீட்டருக்கு 100 மீட்டர். ஒரு ஹெக்டேர், அதாவது 2.471 ஏக்கர்.

'ஃபீல்ட் கால்குலேட்டர்' திறந்து 'ஜியாமெட்ரி' தொகுப்பில் டாலர் குறியோடு தொடங்கும் ஏரியாவை இருமுறை சொடுக்கினால் கீழே முன்னோட்டம் தெரியும். 1 ஹெக்டேருக்கு மிக அருகில் இருந்தால் அமைப்பு சரி. இப்போது அதே கட்டத்தை 3857இல் உருவாக்கிப் பாருங்கள். சென்னைப் பகுதியில் அதன் உண்மைப் பரப்பு 0.94 ஹெக்டேர் என்று வரும். சுமார் 6 சதவீதம் எங்கே ஒளிந்திருந்தது என்பது கண்ணெதிரே தெரியும்.

டாலர் குறி உள்ள ஏரியா, பூமியின் வளைவைக் கணக்கில் எடுத்து, ப்ராஜெக்டில் நீங்கள் வைத்த அலகிலேயே விடை தரும். டாலர் குறி இல்லாத ஏரியா, லேயரின் முறைப்படி தட்டையாகக் கணக்கிட்டு அதன் அலகில், யூடிஎம்மில் என்றால் சதுர மீட்டரில், தரும். முதலாவதை ஏக்கருக்கு அமைத்துவிட்டு, பழக்கத்தில் 4046.86ஆல் வகுத்தால் விடை தூசியாகிவிடும். இரண்டாவதை 3857 லேயரில் போட்டால் ஊதிய எண் வரும். அளக்கும் கருவியிலும் 'கார்ட்டீசியன்', 'எலிப்சாய்டல்' என்று இரண்டு பொத்தான்கள் உண்டு, எலிப்சாய்டல் இருக்கட்டும்.

பட்டாவோடு ஒப்பிட: 1 ஏர் 100 சதுர மீட்டர், 100 ஏர் 1 ஹெக்டேர், 1 சென்ட் 40.47 சதுர மீட்டர். இலங்கைப் பேர்ச் 25.29 சதுர மீட்டர், 160 பேர்ச் 1 ஏக்கர். படத்தின் மேல் வரைந்து பெற்ற பரப்பு ஊர்க்கூட்டத்திலும் ஆய்விலும் பேச உதவும். நில உரிமைக்கு நில அளவையரின் அளவுதான் செல்லும்.

தமிழ் எழுத்து உடையாமல் இருக்க

ஷேப் கோப்பில் (பரவலாகப் புழங்கும் பழைய வரைபடக் கோப்பு வகை) தமிழ்ப் பெயர்கள் கட்டம் கட்டமாகவோ கேள்விக்குறியாகவோ தெரிந்தால், 'லேயர் ப்ராப்பர்ட்டீஸ் > சோர்ஸ்' பக்கத்தில் எழுத்துக் குறியாக்கத்தை யூடிஎஃப்-8 என்று மாற்றிப் பாருங்கள். கோப்போடு வரவேண்டிய 'சிபிஜி' துணைக் கோப்பு தொலைந்திருந்தால் இப்படி ஆகும். அப்போதும் சரியாகாமல் ஆங்கில எழுத்துகளும் குறிகளும் கலந்து வந்தால், அது பாமினி, வானவில் போன்ற பழைய எழுத்துருவில் தட்டச்சு செய்த தரவு. கியூஜிஐஎஸ்ஸில் அதற்கு மருந்து இல்லை. யூனிகோடு மாற்றியில் மாற்றிய பிறகே உள்ளே கொண்டுவர வேண்டும்.

எக்செல்லில் இருந்து வரும் பட்டியலை வெறும் சிஎஸ்வியாகச் சேமித்தால் தமிழ் முழுவதும் கேள்விக்குறியாகி, திரும்பக் கிடைக்காமலே போய்விடும். 'சிஎஸ்வி யூடிஎஃப்-8' என்று தனியாக உள்ள வகையைத் தேர்ந்து சேமியுங்கள்.

ஷேப் கோப்பில் புலப் பெயருக்கு, அதாவது அட்டவணையின் நெடுவரிசைப் பெயருக்கு, 10 பைட்டுதான் இடம். ஒவ்வொரு தமிழ்க் குறியீடும் 3 பைட் எடுக்கும். 'ஏரி' என்று எழுதினால் 9 பைட்டோடு தப்பிக்கும், 'கிராமம்' என்பதற்கு 21 வேண்டும், வெட்டுப்பட்டுப் போகும். ஆகவே புலப் பெயரைச் சுருக்கமான ஆங்கிலத்தில் வையுங்கள். 'லேயர் ப்ராப்பர்ட்டீஸ் > ஆட்ரிப்யூட்ஸ் ஃபார்ம்' பக்கத்தில் ஒவ்வொரு புலத்துக்கும் 'அலியாஸ்' கொடுக்கலாம். அங்கே முழுத் தமிழில் எழுதுங்கள். படிவத்திலும் அட்டவணையிலும் அதுவே தெரியும்.

லேபிளுக்கு நிர்மலா யூஐ அல்லது நோட்டோ சான்ஸ் தமிழ் எழுத்துருவைத் தேர்வு செய்யுங்கள். ஆற்றின் வளைவோடு பெயர் ஓட வேண்டும் என்று 'கர்வ்ட்' வைத்தால், பழைய பதிப்புகளில் கொம்பும் காலும் எழுத்தை விட்டுப் பிரிந்து நிற்கும். 'பேரலல்' வைத்தால் நிற்காது. அச்சுக்குப் பிடிஎஃப் எடுக்கும்போது 'எழுத்தை எப்போதும் பாதைகளாக ஏற்றுமதி செய்' என்ற தேர்வை விடாதீர்கள். அச்சகத்தின் கணினியில் உங்கள் எழுத்துரு இல்லாவிட்டாலும் ஊர்ப் பெயர் கலையாது.

பின்னணி வரைபடமும் ப்ளகின்களும்

இடப்பக்க 'பிரவுசர்' பலகத்தில் 'எக்ஸ்ஒய்ஜெட் டைல்ஸ்' விரித்தால் ஓப்பன் ஸ்ட்ரீட் மேப் தயாராக இருக்கும். இருமுறை சொடுக்கினால் போதும். அதை வெளியிடும் படத்தில் பயன்படுத்தினால் அதன் பங்களிப்பாளர்களுக்கு நன்றி குறிப்பிட வேண்டும். கூடுதல் பின்னணிகளுக்கு 'குவிக்மேப்சர்வீசஸ்' ப்ளகினைப் போட்டு, அதன் 'செட்டிங்ஸ்' பக்கத்தில் 'கெட் கான்ட்ரிப்யூட்டட் பேக்' அழுத்துங்கள். வணிக நிறுவனப் படங்களின் மேல் வரைந்து தரவாக வெளியிடுவதற்கு அவற்றின் விதிமுறைகள் இடம் தருகின்றனவா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஏரியின் நீர்ப்பரப்பை மாதாமாதம் பார்க்க, இலவசமாகக் கிடைக்கும் சென்டினல்-2 படங்களின் 10 மீட்டர் நுணுக்கம் போதுமானது.

ப்ளகின் பட்டியல் வெறுமையாக வந்தால் அலுவலக வலையமைப்பின் ப்ராக்ஸி தடுக்கிறது என்று பொருள். 'ஆப்ஷன்ஸ் > நெட்வொர்க்' பக்கத்தில் அதன் முகவரியைக் கொடுங்கள். 'எக்ஸ்பெரிமென்டல்' ப்ளகின்களைக் காட்டும் டிக்கைத் தொடாதீர்கள். 'ப்ராசஸிங்' மெனுவே காணவில்லை என்றால் ப்ளகின் பட்டியலில் அதன் டிக் எடுபட்டிருக்கிறது.

சேமிப்பு

புதிய லேயரை ஷேப் கோப்பாக உருவாக்காதீர்கள். ஜியோபேக்கேஜ் என்ற வகையில் உருவாக்குங்கள். பத்து பைட் தடை அங்கில்லை. ஒரே கோப்பில் ஏரி, கால்வாய், மதகு என எத்தனை லேயர் வேண்டுமானாலும் வைக்கலாம். ஒன்றில் மட்டும் கவனம்: கியூஜிஐஎஸ் திறந்திருக்கும்போது அதன் அருகே 'வால்' என்று முடியும் துணைக் கோப்பு தோன்றும். நீங்கள் கடைசியாகச் செய்த திருத்தங்கள் அதற்குள் இருக்கலாம். மென்பொருளை மூடாமல் முதன்மைக் கோப்பை மட்டும் நகலெடுத்தால் அவை விடுபடும். இதே காரணத்தால் கூகுள் டிரைவ் தானாக ஒத்திசைக்கும் கோப்புறைக்குள் வைத்து வேலை செய்யாதீர்கள்.

லேயர் பெயருக்கு அருகில் சிறு சிப் போன்ற குறி தெரிந்தால் அது நினைவகத்தில் மட்டும் இருக்கிறது. மென்பொருளை மூடினால் போய்விடும். அந்தக் குறியையே சொடுக்கினால் நிரந்தரமாகச் சேமிக்கலாம். ப்ராஜெக்ட் கோப்பைச் சேமித்தால் தரவும் சேர்ந்து சேமிக்கப்படும் என்று எண்ண வேண்டாம். அதில் இருப்பவை லேயர்களின் முகவரியும் நிறங்களும் மட்டுமே.

கரை வரையத் தொடங்கும் முன் 'ஸ்னாப்பிங்' கருவிப்பட்டையை இயக்கி, 12 பிக்சல், 'வெர்டெக்ஸ் அண்ட் செக்மென்ட்' என்று வையுங்கள். கூடவே 'அவாய்ட் ஓவர்லாப்' இருக்கட்டும். அடுத்தடுத்த இரண்டு கண்மாய்களின் எல்லைகள் இடைவெளியும் மேற்பொருந்தலும் இல்லாமல் ஒட்டிக்கொள்ளும்.

கெட்டுப்போனால், பதிப்பு மாற்றும்போது

பலகங்கள் காணாமல் போவதும் கருவிப்பட்டைகள் சிதறுவதும் வழக்கம். 'வியூ > பேனல்ஸ்' வழியாகத் திரும்பக் கொண்டுவரலாம். திறந்ததுமே மென்பொருள் விழுந்தால் பெரும்பாலும் ஒரு ப்ளகின்தான் காரணம். இதற்காகவே 'செட்டிங்ஸ் > யூசர் ப்ரொஃபைல்ஸ்' வழியாக எந்தப் ப்ளகினும் இல்லாத இரண்டாவது ப்ரொஃபைல் ஒன்றை இன்றே உருவாக்கி வையுங்கள். அதில் நன்றாக ஓடினால் நிறுவலில் குறையில்லை. முதல் ப்ரொஃபைலில் கடைசியாகப் போட்ட ப்ளகினை நீக்குங்கள். அதே மெனுவில் 'ஓப்பன் ஆக்டிவ் ப்ரொஃபைல் ஃபோல்டர்' கொடுத்தால் உங்கள் அமைப்புகள் முழுவதும் இருக்கும் கோப்புறை திறக்கும். மென்பொருளை மூடிவிட்டு அதை நகலெடுத்து வைத்தால், கணினி மாறினாலும் மேலே சொன்ன எதையும் மறுபடி செய்ய வேண்டியதில்லை.

அடுத்த நீண்டகாலப் பதிப்பு வரும்போது பழையதை நீக்காமல் புதியதை அருகிலேயே நிறுவுங்கள். ப்ராஜெக்ட் கோப்பின் நகலைப் புதியதில் திறந்து, 100 மீட்டர் சதுரத்தின் பரப்பு, ஒரு தமிழ் லேபிள், ஒரு பிடிஎஃப் ஏற்றுமதி ஆகிய மூன்றையும் சோதியுங்கள். மூன்றும் சரியாக வந்த பிறகு பழையதை நீக்கலாம்.